க்ரீம் ஏல் காய்ச்சப் போகிறேன்: மக்காச்சோளம் போடலாமா, கூடாதா?

ஏரிக்கரையான் (ரோச்சஸ்டர், நியூயார்க்)

வணக்கம் மக்களே. இதுவரை ஐபிஏ, ஸ்டவுட் என்று கனமான பீராகவே காய்ச்சிக்கொண்டிருந்தேன். வீட்டில் வேறு யாரும் தொடுவதில்லை. இந்தக் கோடைக்கு மாமனார் வருகிறார். அவருக்கும் பிடிக்கிற மாதிரி லேசாக ஒன்று வேண்டும். எங்கள் ஊர் ஜெனசி கம்பெனியின் க்ரீம் ஏல் என்கிற லேசான பீர், பச்சைக் கேனில் வருமே, அந்த வழியில் போகலாம் என்று எண்ணம். 1960-லிருந்து விற்கிறார்கள். ஊர்க்காரர்கள் ஜென்னி க்ரீம் என்றுதான் கேட்டு வாங்குகிறார்கள்.

20 லிட்டருக்கு என் திட்டம்: பில்ஸ்னர் மால்ட் (முளைகட்டி உலர்த்திய வெளிறிய பார்லி) 3.2 கிலோ, மக்காச்சோள அவல் 600 கிராம், சர்க்கரை 250 கிராம். 67 டிகிரியில் ஒரு மணி நேரம் மேஷ் (வெந்நீரில் ஊறவைத்துச் சர்க்கரையை இறக்குவது), பிறகு ஒரு மணி நேரம் கொதி. கேஸ்கேட் ஹாப்ஸ் (கசப்பும் மணமும் தரும் பூ) தொடக்கத்தில் 30 கிராம், கடைசி ஐந்து நிமிடத்தில் இன்னொரு 30 கிராம். ஈஸ்ட் யூஎஸ்-05. வீட்டுச் சூட்டிலேயே, அதாவது 22 டிகிரி வாக்கில் விட்டுவிடலாம் என்றிருக்கிறேன்.

எங்கே இடிக்கிறது, சொல்லுங்கள். இன்னொன்று: மக்காச்சோளமும் சர்க்கரையும் போட்டால் பீர் மட்டமாகிவிடுமா? மால்ட் மட்டும் போட்டால் என்ன?

பில்ஸ்னர் பக்தன் (டெட்ராய்ட்)

ஆகிவிடும். பெரிய கம்பெனிகள் காசு மிச்சம் பிடிக்கப் போடுகிற சாமான் அது. நல்ல மால்ட் கையில் இருக்கும்போது அதில் எதற்கு அவலைக் கலக்க வேண்டும்? பவேரியாவில் 1516-லேயே பார்லி, ஹாப்ஸ், தண்ணீர் என்று சட்டம் போட்டுவிட்டுப் போய்விட்டார்கள். லேசான ஏல்தான் வேண்டுமென்றால் கொலோன் நகரத்துக் கோல்ஷ் இருக்கிறது. மால்ட் மட்டும்தான், ஏல் ஈஸ்ட், குளிரில் பதப்படுத்துவது. க்ரீம் ஏல் என்பது அதற்கு ஏழை வீட்டு உறவு.

மால்ட் மாமா (சின்சினாட்டி, ஒஹாயோ)

பக்தரே, பவேரியாவில் விளைந்த பார்லிக்குப் போட்ட சட்டத்தை ஒஹாயோவில் விளைந்த பார்லியிடம் காட்டினால் அது என்ன செய்யும்?

19-ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவில் பெரும்பாலும் விளைந்தது ஆறு வரிசைப் பார்லி. அதில் புரதம் அதிகம், மாவுச்சத்தைச் சர்க்கரையாக்கும் நொதிகளும் அதிகம். அதை மட்டும் வைத்துக் காய்ச்சினால் பீர் கலங்கும், வாயில் கனக்கும். மக்காச்சோளத்தில் பீருக்குள் கரைந்து வரும் புரதம் மிகக் குறைவு. அதைச் சேர்த்தால் மொத்தப் புரதம் இறங்குகிறது, பீர் தெளிகிறது. பார்லியில் மிஞ்சிக் கிடக்கும் நொதிகள் மக்காச்சோளத்து மாவையும் சேர்த்துக் கரைத்துவிடும். இங்கே வந்து குடியேறிய ஜெர்மன்காரர்களே இந்த வழிக்கு வந்தார்கள். பின்னாளில் கம்பெனிகள் கணக்குப் பார்த்து அளவைக் கூட்டினார்கள் என்பது உண்மைதான், நான் மறுக்கவில்லை. ஆனால் ஆரம்பம் அது இல்லை.

க்ரீம் ஏல் வந்த கதையும் இதை ஒட்டியதுதான். ஜெர்மன்காரர்களின் லாகர், அதாவது குளிரில் நொதிக்க வைக்கும் பீர், வந்ததும் நியூயார்க், பென்சில்வேனியா பக்கத்து ஏல் காய்ச்சுபவர்களுக்கு வியாபாரம் ஆட்டம் கண்டது. லாகர் வெளிறிய நிறம், தெளிவு, ஜில்லென்று இருக்கிறது. சனம் அந்தப் பக்கம் சாய்ந்தது. ஏல்காரர்கள் கையில் இருந்தது ஏல் ஈஸ்ட். அதை வைத்தே நிறத்தைக் குறைத்து, மக்காச்சோளம் சேர்த்து, நுரை நன்றாக எழும்படி வாயு ஏற்றி, லாகரின் ஆளிடமே விற்க ஒரு சரக்கு செய்தார்கள். சிலர் லாகரையும் ஏலையும் கலந்தே விற்றார்கள். 1920 முதல் 1933 வரை மதுவிலக்கு. அதையும் தாண்டி ஒட்டிக்கொண்டிருந்த அமெரிக்க ஏல்களில் இது ஒன்று. எங்கள் சின்சினாட்டியில் ஷோன்லிங் கம்பெனி 1958-இல் லிட்டில் கிங்ஸ் என்று ஒன்றை இறக்கியது. ஏழு அவுன்ஸ் பச்சைக் குட்டிப் பாட்டில், இரண்டு மடக்கில் தீர்ந்துவிடும்.

அதனால் ஏரிக்கரையான் தம்பி, மக்காச்சோளத்தை எடுத்துவிட்டால் உங்களுக்குக் கிடைப்பது ப்ளாண்ட் ஏல். நல்ல பீர்தான், ஆனால் நீங்கள் கேட்டது அது இல்லை. உங்கள் ரெசிபியில் அவல் கொஞ்சம் என்றுதான் சொல்வேன். மால்ட்டை 3 கிலோவாகக் குறைத்து அவலை 800 கிராம் ஆக்குங்கள், அப்போது 20 சதவீதம் வரும். சர்க்கரை 250 கிராம் இருக்கட்டும், கொதியில் போடுங்கள். ஓஜி (நொதிக்கும் முன் அடர்த்தி) 1.048 பக்கம் நிற்கும்.

மேஷை 65-க்கு இறக்குங்கள். 67 என்றால் இனிப்பு மிஞ்சும். இந்தப் பீர் குடித்து முடித்ததும் வாய் உலர வேண்டும், அடுத்த வாய் கேட்க வேண்டும். எஃப்ஜி (நொதித்த பின் அடர்த்தி) 1.008 வந்தால் சரி, ஐந்து சதவீதத்துக்குச் சற்று மேலே போதை.

அப்புறம் ஹாப்ஸ். 30 கிராம் கேஸ்கேட் ஒரு மணி நேரம் கொதித்தாலே 20 ஐபியு (கசப்பின் அளவு) தாண்டுகிறது, கடைசியில் போடுவதையும் சேர்த்தால் 25-ஐத் தொடும். பிஜேசிபி என்ற பீர் நடுவர் அமைப்பின் கையேட்டில் இந்த வகைக்கு 8 முதல் 20 வரைதான். அதைவிட, கடைசியில் போடும் கேஸ்கேட் உங்கள் க்ரீம் ஏலைச் சாத்துக்குடித் தோல் வாசனையில் மூழ்கடித்துவிடும். ஐபிஏ கை போகவில்லை உங்களுக்கு! கிளஸ்டர் ஹாப்ஸ் கிடைத்தால் 20 கிராம் தொடக்கத்தில், அதோடு நிறுத்துங்கள். கிடைக்காவிட்டால் வில்லமெட், ஹாலர்டாவ் எதுவானாலும் 15 ஐபியு வருகிற மாதிரி அளந்து போடுங்கள்.

க்ரீம் என்று பெயர் இருப்பதால் லாக்டோஸ் என்ற பால் சர்க்கரை போடலாமா என்று அடுத்து ஒருவர் வருவார். வேண்டாம். பாலுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை.

பில்ஸ்னர் பக்தன் (டெட்ராய்ட்)

சரி மாமா, ஆறு வரிசைக்கு ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இப்போது கடையில் யார் ஆறு வரிசை வாங்குகிறார்கள்? இவர் வாங்கப்போவது இரண்டு வரிசை மால்ட். புரதம் குறைவு, கலங்காது. அப்போது அந்தக் காரணம் போய்விட்டதே.

இன்னொன்று, மக்காச்சோளம் போட்ட பீரில் டப்பாச் சோளம் வேக வைத்த வாசனை அடிக்கும். அது எனக்கு ஆகாது.

ஈஸ்ட் அக்கா (மில்வாக்கி, விஸ்கான்சின்)

பக்தர் சொன்ன முதல் விஷயம் நியாயமான கேள்வி. காரணம் போனாலும் சுவை இருக்கிறது என்பதுதான் என் பதில். அவல் போட்ட பீர் வாயில் லேசாகப் போகும், ஓரத்தில் மெல்லிய தானிய இனிப்பு நிற்கும். மால்ட் மட்டும் போட்டு மேஷைக் குறைத்தாலும் அந்த இனிப்பு கிடைக்காது. இது வேண்டுமா வேண்டாமா என்பது அவரவர் வாய்.

இரண்டாவது விஷயம் தப்பு. ரொம்பப் பேர் இப்படித்தான் நினைக்கிறார்கள். அந்த வேக வைத்த சோள வாசனை டிஎம்எஸ் என்ற கந்தகப் பொருள். டப்பாச் சோளத்திலும் அதே பொருள்தான், அதனால்தான் இந்தக் குழப்பம். ஆனால் பீரில் அது வருவது பார்லி மால்ட்டிலிருந்து. பார்லி முளைக்கும்போது எஸ்எம்எம் என்று ஒரு மூலப்பொருள் உண்டாகிறது, சூடு பட்டதும் அது டிஎம்எஸ் ஆகிறது. அதிகச் சூட்டில் உலர்த்திய பேல் ஏல் மால்ட்டில் அது பெரும்பாலும் போய்விடும். பில்ஸ்னர் மால்ட்டைக் குறைந்த சூட்டில் உலர்த்துவதால் நிறைய மிஞ்சும். பக்தரே, உங்கள் நூறு சதவீதப் பில்ஸ்னரில்தான் இந்த ஆபத்து கூடுதல். அவல் போட்டால் மால்ட் குறைகிறது, மூலப்பொருளும் குறைகிறது.

ஏரிக்கரையான், நீங்கள் வைத்திருப்பதும் பில்ஸ்னர் மால்ட். ஒரு மணி நேரக் கொதி போதாது, தொண்ணூறு நிமிடம் வையுங்கள். பானையை மூடக் கூடாது. பாதி மூடினால் சீக்கிரம் கொதி வரும் என்று சிலர் செய்வார்கள், மூடியில் படிந்து திரும்பச் சொட்டுகிற தண்ணீரில் வெளியேற வேண்டியதெல்லாம் உள்ளே வந்துவிடும். அடுப்பை அணைத்ததும் சீக்கிரம் குளிரவையுங்கள். கொதி நின்ற பிறகும் சூடு இருக்கும்வரை டிஎம்எஸ் உண்டாகிக்கொண்டே இருக்கும், ஆவி போவதோ நின்றிருக்கும். செம்புச் சுருளில் குழாய்த் தண்ணீர் விட்டு இருபது நிமிடத்துக்குள் இறக்கிவிட்டால் கவலை இல்லை. தொண்ணூறு நிமிடம் நிற்கப் பொறுமை இல்லையென்றால் அமெரிக்க இரண்டு வரிசை பேல் மால்ட் வாங்குங்கள், ஒரு மணி நேரம் போதும். ஜெனசிக்காரர்கள் ஜெர்மன் பில்ஸ்னரா போடுகிறார்கள்?

துளி இருந்தால் இந்த வகையில் தப்பில்லை என்று கையேடே சொல்கிறது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

ஒன்டாரியோ தம்பி (ஸ்காபரோ, கனடா)

இந்த இழையைப் பார்த்துச் சந்தோசம். இங்கே கனடாவிலும் க்ரீம் ஏலுக்கு நல்ல பெயர் இருக்கிறது. குவெல்ஃபில் ஸ்லீமன் செய்கிறார்கள், எந்த பீர் ஸ்டோரிலும் கிடைக்கும். ஆனால் என்னுடைய நண்பர்கள் சிலபேர் க்ரீம் ஏல் என்றால் கில்கெனி என்று நினைத்துக்கொண்டு இருக்கிறார்கள். அது அயர்லாந்துச் சிவப்பு ஏல், நைட்ரஜன் ஏற்றினது, நுரை தடிப்பாக மேலே நிற்கும். இது வேறு, அது வேறு.

நான் அவல் வாங்கிறதில்லை, கடையில் விலை கூட. பலசரக்குக் கடையிலே விற்கிற மக்காச்சோள ரவைதான் எடுக்கிறனான். முளை நீக்கின ரவையாகப் பார்த்து வாங்க வேணும். முளையிலே எண்ணெய் இருக்கும், அது நுரையைக் கொல்லும், நாள்பட்டால் காறல் வாசமும் வரும்.

ஆனால் ரவையை நேரே மேஷில் கொட்டினால் ஒன்றும் நடக்காது. மக்காச்சோள மாவுச்சத்து இளகிறதுக்கு 62 முதல் 74 டிகிரி மட்டும் சூடு வேணும், 65 டிகிரி மேஷிலே பாதி பச்சையாகவே கிடக்கும். அதனாலே தனியாகக் காய்ச்ச வேணும். 800 கிராம் ரவைக்கு இரண்டு பிடி நொறுக்கின மால்ட் போட்டு, மூன்று லிட்டர் தண்ணீரிலே 68 டிகிரியில் பதினைந்து நிமிடம் வைப்பேன். அந்த மால்ட்டின் நொதி ரவையை இளக்கிவிடும், இல்லாவிட்டால் களி மாதிரி இறுகிக் கரண்டியே நிற்கும். பிறகு கொதிக்கவிட்டு அரை மணித்தியாலம் கிண்ட வேணும். கையை எடுத்தால் அடிப்பிடிக்கும், பீரிலே அந்தக் கருகல் கடைசி மட்டும் இருக்கும். பிறகு அப்படியே பெரிய மேஷிலே ஊற்றினால், அந்தச் சூட்டிலேயே முழு மேஷும் மேலே ஏறும். பெரிய மேஷை 60-இலே வைத்திருந்து இதை ஊற்றினால் 65–66 வரும். தண்ணீர் அளவைப் பொறுத்து கொஞ்சம் கூடிக் குறையும், வெந்நீரும் பச்சைத் தண்ணீரும் பக்கத்திலே வைத்திருங்கோ.

வேலைதான். ஆனால் அவலைவிட ருசி கூட என்று எனக்குத் தோன்றும்.

ஏரிக்கரையான் (ரோச்சஸ்டர், நியூயார்க்)

அடேயப்பா, நன்றி. கிண்டுகிற வேலை வேண்டாம் அண்ணா, இந்த முறை அவலே. மால்ட் மாமா, கணக்கெல்லாம் மாற்றிவிட்டேன். அக்கா, இரண்டு வரிசை பேல் மால்ட்டே வாங்குகிறேன். ஈஸ்ட் பற்றி யாரும் பேசவில்லையே? 22 டிகிரி சரியா? எங்கள் ஊர்த் தண்ணீர் ஹெம்லாக் ஏரியிலிருந்தும் ஒன்டாரியோ ஏரியிலிருந்தும் வருகிறது, அதற்கு ஏதாவது செய்ய வேண்டுமா?

காலை டிபனுக்குப் பாலில் போட்டுச் சாப்பிடுகிற கார்ன் ஃப்ளேக்ஸ் வீட்டில் நிறைய இருக்கிறது, அதைப் போடலாமா?

மால்ட் மாமா (சின்சினாட்டி, ஒஹாயோ)

அதுவும் வெந்த மக்காச்சோளம்தான், மாவு கரையும். ஆனால் உப்பு, சர்க்கரை, இரும்புச்சத்து என்று என்னென்னவோ சேர்த்திருப்பார்கள். இருபது லிட்டர் பீரில் எதற்குச் சோதனை? ப்ரூ கடையில் விற்கும் அவல் சுத்தமாக இருக்கும். பிள்ளைகளுக்குக் கொடுங்கள்.

ஈஸ்ட் அக்கா (மில்வாக்கி, விஸ்கான்சின்)

22 கூடாது. ஸ்டவுட்டில் யாருக்கும் தெரியாது, வறுத்த மால்ட் மறைத்துவிடும். இதில் மறைக்க ஒன்றுமே இல்லை. ஈஸ்ட் சூடாக வேலை செய்தால் பழ வாசனை, காட்டமான ஆல்கஹால் எல்லாம் அப்படியே தெரியும். யூஎஸ்-05 என்றால் 17–18 டிகிரி. இன்னும் கீழே 15-க்குப் போனால் சிலருக்குப் பீச் பழ வாசனை வருகிறது என்பார்கள், எனக்கும் வந்திருக்கிறது. நாட்டிங்ஹாம் ஈஸ்ட் என்றால் 14–15-இலும் சுத்தமாகச் செய்யும், என் ஓட்டு அதற்கு. ஒயிட் லேப்ஸ் 080 என்று ஏல் ஈஸ்ட்டும் லாகர் ஈஸ்ட்டும் கலந்தே விற்கிறார்கள், மாமா சொன்ன பழைய கலப்புக் கதைக்கு அதுதான் கிட்டத்தில் வரும்.

நான் சொல்கிற டிகிரி வோர்ட்டின் (காய்ச்சிய மால்ட் சாறு) உள்ளே. அறை 18 இருந்தால் நொதித்துப் பொங்குகிற ஃபெர்மென்டர் பாத்திரத்தின் உள்ளே 20, 21 இருக்கும். தனி ஃப்ரிட்ஜ் இல்லையென்றால் பெரிய டப்பில் தண்ணீர் நிரப்பி ஃபெர்மென்டரை அதில் நிறுத்துங்கள், மேலே ஒரு பழைய டீசர்ட்டை ஈரமாக மாட்டுங்கள், காலை மாலை ஐஸ் பாட்டில் மாற்றுங்கள். முதல் மூன்று நான்கு நாள் இதைச் செய்தால் போதும், ருசி தீர்மானமாவது அப்போதுதான்.

நாலைந்து நாளில் நுரை இறங்க ஆரம்பித்ததும் ஐஸை நிறுத்தி 20-க்கு ஏற விடுங்கள். ஈஸ்ட் தான் உண்டாக்கிய டயாசெட்டிலைத் தானே தின்று தீர்க்க அது உதவும். டயாசெட்டில் என்றால் தியேட்டர் பாப்கார்ன் வெண்ணெய் வாசனை. க்ரீம் என்ற பெயரால் அது இருக்கலாம் என்று சிலர் விட்டுவிடுகிறார்கள். இருக்கக் கூடாது, அது குறைதான்.

தீர்ந்துவிட்டதா என்று பார்க்க எளிய வழி ஒன்று உண்டு. இரண்டு சின்னக் கண்ணாடிப் பாட்டிலில் கொஞ்சம் பீர் எடுத்து மூடுங்கள். ஒன்றை 60 டிகிரித் தண்ணீரில் இருபது நிமிடம் வைத்து எடுத்து, இரண்டையும் ஒரே குளிர்ச்சிக்குக் கொண்டுவந்து, திறந்து முகருங்கள். சூடு பட்டதில் வெண்ணெய் வாசனை வந்தால் இன்னும் மூலப்பொருள் மிச்சம் இருக்கிறது, மூன்று நாள் கழித்துத் திரும்பப் பாருங்கள். இரண்டிலும் இல்லையென்றால் குளிருக்குத் தள்ளலாம்.

தண்ணீரில் முக்கியமாகப் பார்க்க வேண்டியது குளோரின். அது மால்ட்டின் ஃபீனாலோடு சேர்ந்தால் மருந்துக் கட்டு வாசனை வரும். மொத்தத் தண்ணீருக்கும் குளோரினை நீக்கும் கேம்டன் மாத்திரை பாதியைப் பொடித்துப் போட்டுக் கலக்கினால் போதும். மேஷின் பிஎச் 5.3 பக்கம் இருக்கட்டும், வெளிறிய மால்ட் என்பதால் கொஞ்சம் லாக்டிக் அமிலம் தேவைப்படலாம். ஐபிஏ பழக்கத்தில் ஜிப்சத்தை அள்ளிப் போடாதீர்கள், கசப்பு கூர்மையாகிவிடும்.

கொங்குநாட்டான் (கோயம்புத்தூர்)

அருமையான இழை. இங்கே கோவையில் மால்ட் ஆன்லைனில் கிடைக்கிறது, ஈஸ்ட்டும் வரவழைக்கலாம். சின்ன அளவில் அஞ்சு லிட்டர் செய்து பார்க்கலாமா? வீட்டுக்கு மட்டும்தான், விற்கப் போவதில்லை.

மால்ட் மாமா (சின்சினாட்டி, ஒஹாயோ)

வேண்டாம் சார். தமிழ்நாட்டில் 1937-ஆம் ஆண்டு மதுவிலக்குச் சட்டப்படி உரிமம் இல்லாமல் காய்ச்சுவதே குற்றம், விற்காவிட்டாலும். இங்கே அமெரிக்காவிலேயே வீட்டில் பீர் காய்ச்ச மத்தியச் சட்டம் 1978-இல்தான் வழிவிட்டது. பெரியவர்கள் இரண்டு பேர் இருக்கும் வீட்டுக்கு வருடம் 200 கேலன், விற்கக் கூடாது. மிசிசிப்பியும் அலபாமாவும் 2013 வரை இழுத்தடித்தன. பெங்களூர் போகும்போது மைக்ரோ ப்ரூவரி பக்கம் எட்டிப் பாருங்கள், லேசான கோடை ஏல் ஏதாவது ஓடும்.

ஏரிக்கரையான் (ரோச்சஸ்டர், நியூயார்க்)

மாமனார் சுத்த சைவம். பீரைத் தெளிய வைக்க ஜெலட்டின் போடச் சொல்கிறார்கள், அது மாட்டிலிருந்தோ பன்றியிலிருந்தோ வருவது. வேறு வழி?

ஒன்டாரியோ தம்பி (ஸ்காபரோ, கனடா)

ஐசின்கிளாசும் மீன்தான், அதையும் விடுங்கோ. கொதி முடியப் பத்து நிமிடம் இருக்கேக்கை ஐரிஷ் மாஸ் ஒரு தேக்கரண்டி போடுங்கோ, அது கடற்பாசி. பிறகு இரண்டு அல்லது மூன்று டிகிரியிலே இரண்டு கிழமை விட்டால் தன்பாட்டிலே தெளியும். நாட்டிங்ஹாம் ஈஸ்ட் அடியிலே இறுகிப் படியும், ஆட்டாமல் எடுத்தால் கண்ணாடி மாதிரி வரும். கோல்ஷ் ஈஸ்ட் போட்டால்தான் மாதக் கணக்கிலே மிதந்துகொண்டு நிற்கும்.

பில்ஸ்னர் பக்தன் (டெட்ராய்ட்)

கோல்ஷை ஒரு குத்து குத்தாமல் விட மாட்டீர்கள்! ஆனால் அந்த இரண்டு வாரக் குளிரை விட்டுவிடாதீர்கள், அதில் மட்டும் எனக்கும் உங்களுக்கும் சண்டை இல்லை. பத்தாம் நாளே பாட்டிலில் அடைத்துவிட்டு, க்ரீம் ஏல் சப்பென்று இருக்கிறது என்று எழுதுகிறவர்கள் பாதிப்பேர் இந்தக் கட்டத்தைத் தாண்டிக் குதித்தவர்கள். ஈஸ்ட்டின் பச்சை வாசனை அடங்குவது அங்கேதான்.

ஏரிக்கரையான் (ரோச்சஸ்டர், நியூயார்க்)

பக்தர் வாயிலிருந்தே வந்துவிட்டது, போதும். கடைசியாக ஒன்று. என்னிடம் கெக் (பீர் பீப்பாய்) இல்லை, பாட்டில்தான். வாயு ஏற எவ்வளவு சர்க்கரை போடுவது? கணக்குப் பார்க்கிற தளம் பீரின் வெப்பநிலை கேட்கிறது, நான் 3 டிகிரியில் வைத்திருப்பேன், 3 என்றே கொடுக்கவா?

ஈஸ்ட் அக்கா (மில்வாக்கி, விஸ்கான்சின்)

3 கொடுக்காதீர்கள். பீரில் கரைந்து நிற்கும் வாயுவைத்தான் அந்தக் கணக்கு தேடுகிறது. ஈஸ்ட் வேலை செய்தபோது எட்டிய அதிகபட்சச் சூட்டில் மிஞ்சியது எவ்வளவோ அவ்வளவுதான் உள்ளே இருக்கும். பிறகு குளிரவைத்தால் புதிதாக வாயு எங்கிருந்து வரும்? டயாசெட்டிலுக்காக 20-க்கு ஏற்றியிருப்பீர்கள், 20 என்று கொடுங்கள். 3 என்று கொடுத்தால் சர்க்கரை ரொம்பக் குறைத்துக் காட்டும், பீர் வாயு இல்லாமல் செத்துக் கிடக்கும்.

இந்த வகைக்குப் பீரின் கொள்ளளவைப் போல் 2.7 மடங்கு வாயு வைக்கலாம். 20 லிட்டருக்குச் சாதாரணச் சர்க்கரை 140 கிராம் சுற்றி வரும். அடைக்கும் முன் எஃப்ஜி மூன்று நாள் நகராமல் நிற்கிறதா என்று பார்த்துவிடுங்கள், இல்லையென்றால் பாட்டில் வெடிக்கும். அடைத்த பிறகு இரண்டு வாரம் அறைச் சூட்டில், அப்புறம் ஃப்ரிட்ஜில். குளிரில் படுத்திருந்தாலும் பாட்டிலுக்குப் போதுமான ஈஸ்ட் உள்ளே இருக்கும், புதிதாகப் போட வேண்டாம்.

பழுப்புப் பாட்டிலாகப் பாருங்கள். ஜென்னியும் லிட்டில் கிங்ஸும் பச்சைதானே என்று பச்சைப் பாட்டில் வாங்கி வெயிலில் வைத்தால், வெளிச்சம் பட்டு ஹாப்ஸ் நாறும்.

மால்ட் மாமா (சின்சினாட்டி, ஒஹாயோ)

லிட்டில் கிங்ஸை வம்புக்கு இழுக்காதே அம்மா. மாமனார் எந்த மாதம் வருகிறார் தம்பி? ஜூன் என்றால் ஏப்ரல் கடைசிக்குள் அடுப்பை மூட்டிவிடுங்கள்.